மூன்றரைக் கிலோ அடாப்டரும் என் மாமியாரும்

1

இந்தக் கதையை எழுதும் எண்ணம் எனக்கு இருக்கவில்லை. என் மாமியார்தான் காரணம். எல்லாம் முடிந்து கோலாலம்பூரிலிருந்து ஸ்கூடாய்க்குத் திரும்பும் வழியில், பின் இருக்கையில் வந்தவர் ஆயர் கெரோ தாண்டியதும் சொன்னார்: "இதையும் ஒரு கதையா எழுதிப்போடாதையும்."

அதுவரை அது எனக்கு வாய்த்த ஒரு மோசமான செவ்வாய்க்கிழமை, அவ்வளவுதான். அவர் வேண்டாம் என்ற பிறகுதான் அது கதையாகத் தெரிய ஆரம்பித்தது. இரண்டு வாரம் தாக்குப்பிடித்தேன். பிறகு உட்கார்ந்துவிட்டேன்.

முதல் தொடக்கம் இது:

யோங் பெங்கின் வானம் அன்று காலை

(நிறுத்திவிட்டேன். வானத்தை நான் பார்க்கவே இல்லை. பேட்டரியின் சதவீதத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.)

இரண்டாவது:

சுகுமாறன் செனாய் தொழிற்பேட்டையில் வேலை செய்யும் ஒரு பொறியாளன். புதுமையை நேசிப்பவன். தன் மின்சாரக் காரில்

இதைப் படித்துவிட்டு என் மனைவி சாந்தினி கேட்டாள். "யார் இந்த சுகுமாறன்?"

"கதாபாத்திரம்."

"ரூபன், ஸ்கூடாய்ல இந்தக் கார் வச்சிருக்கிற ஒரே ஆள் நீதான் லா. பேர மாத்தி யார ஏமாத்தப் போற? அதோட நீ பொறியாளன் இல்ல, ஸ்டோர் சூப்பர்வைசர்."

சுகுமாறனை வேலையிலிருந்து நிறுத்திவிட்டேன். இனி இதில் வரும் 'நான்' நானேதான்: ரூபேந்திரன், வயது முப்பத்தெட்டு, செனாயில் ஸ்டோர் சூப்பர்வைசர், ஞாயிற்றுக்கிழமைகளில் கதை எழுதுபவன்.

இன்னொன்றையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். சாந்தினி நலமாக இருக்கிறாள். அறுவைச் சிகிச்சை என்ற சொல் பின்னால் வரும். அதை வைத்து உங்களைப் பதறவைக்க எனக்கு விருப்பமில்லை. (விருப்பம் இருந்தது. சாந்தினி அந்தப் பத்தியை நீக்கச் சொன்னாள்.)

2

காரைப் பற்றி.

ஜப்பானில் யாரோ ஒருவர் ஒழுங்காக ஓட்டி முடித்து, பிறகு கப்பலேறி இங்கே வந்த பழைய மின்சாரக் கார். பேட்டரி நிரம்பினால் நூற்றைம்பது கிலோமீட்டர் ஓடும் என்றார் விற்றவர். ஏர்கோன் போடாமல், மேடு இல்லாமல், நான் ஒல்லியாக இருந்தால் ஓடும். ஆனால் பிரச்சினை அது இல்லை. இங்கே பொது இடங்களில் நிற்கும் வேகச் சார்ஜர்களின் முனை ஒரு வடிவம். என் காரின் வாய் வேறொரு வடிவம். இதற்கு அது பொருந்தாது. நடுவில் ஒரு அடாப்டர் வேண்டும்.

அடாப்டர் என்றதும் போன் சார்ஜர் மாதிரி ஒன்றை நினைத்துக்கொள்ளாதீர்கள். பெரிய பப்பாளிப் பழத்தின் பருமன், மூன்றரைக் கிலோ எடை. அதற்குள்ளே தனியாக ஒரு குட்டி பேட்டரி இருக்கிறது. அதை முதல் நாள் இரவே வீட்டில் சார்ஜ் போட்டு வைக்க வேண்டும். இதை ஒருமுறை என் மாமியாருக்கு விளக்கினேன்.

"காரைச் சார்ஜ் பண்ணுற சாமானையும் சார்ஜ் பண்ண வேணுமோ?"

"ஆமா ஆன்ட்டி."

அவர் அடாப்டரைப் பார்த்தார். பிறகு சாந்தினியைப் பார்த்தார். 'இதைத்தான் தேடிப் பிடித்தாயா' என்று கண்ணாலேயே கேட்டார். அவர் கேட்டது அடாப்டரைப் பற்றியா என்னைப் பற்றியா என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

(அடிக்குறிப்பு, கீழே போட இடமில்லாததால் இங்கேயே: ஒன்றோடொன்று பொருந்தாத இரண்டை இணைக்கும் கருவி என்றதும் உங்களுக்கு ஒரு எண்ணம் வந்திருக்கும். எனக்கும் வந்தது. மாமியார், மருமகன், நடுவே அடாப்டர். அதைப் பற்றி முக்கால் பக்கம் எழுதினேன். சாந்தினி படித்துவிட்டு, "அத வெட்டிடு. அந்தச் சாமான் எதுக்கும் அடையாளம் இல்ல. அது கனமா இருக்கு, அவ்வளவுதான்" என்றாள். வெட்டிவிட்டேன்.)

3

சுபத்திரா ஆன்ட்டியை எழுதுவதுதான் எனக்குப் பெரிய சிரமமாக இருந்தது.

முதல் வரைவில் அவரைக் கொடுமைக்கார மாமியாராக எழுதினேன். எழுதுவதற்கு இனிமையாக இருந்தது. ஆனால் அவர் அப்படி எதையும் செய்ததே இல்லை. எங்கள் கல்யாணம் அவருக்குப் பிடிக்கவில்லை. அதற்காகச் சத்தம் போடவில்லை, அழவில்லை, சாபமிடவில்லை. கல்யாணத்துக்கு வந்தார், முதல் வரிசையில் உட்கார்ந்தார், மொய் எழுதினார், சாப்பிட்டார், போனார்.

காரணம் என்னவென்று பல வருஷம் நானாகவே ஊகித்துக்கொண்டிருந்தேன். அவர்கள் வீட்டில் இலங்கைத் தமிழ், தாத்தா காலத்திலிருந்து அரசாங்க உத்தியோகம். என் அப்பா குளுவாங் பக்கம் ரப்பர் தோட்டத்தில் பால் மரம் சீவியவர். அவர்கள் 'ஓம்' என்பார்கள், நாங்கள் 'ஆமா' என்போம். காரணம் இதுதான் என்று முடிவு கட்டி, மனசுக்குள் நிறைய வசனம் பேசியிருக்கிறேன். கடைசியில் சாந்தினி சொன்னாள், அதெல்லாம் இல்லையாம். அம்மா கேட்டது ஒரே கேள்விதானாம்: "நடக்காததை எழுதுற ஆளை எப்பிடி நம்புறது?"

அவர் ஜொகூர் பாருவில் அரசாங்க மருத்துவமனையின் எக்ஸ்ரே பிரிவில் முப்பத்திரண்டு வருஷம் வேலை பார்த்தவர். உள்ளே இருப்பதை இருக்கிறபடி படம் பிடிக்கிற வேலை. அவருடைய கேள்வியில் நியாயம் இருக்கிறது.

ஆறு வருஷமாக அவர் என்னை எந்தச் சொல்லாலும் கூப்பிட்டதில்லை. தம்பி இல்லை, மருமகன் இல்லை, ரூபன் இல்லை. "சாப்பாடு மேசையில இருக்கு." "கதவு பூட்டவேணும்." "மழை வரப்போகுது, உடுப்புக் காயுது." கேட்பவனைக் குறிக்கும் சொல்லே இல்லாத இப்படிப்பட்ட வாக்கியங்களை வைத்து ஆறு வருஷம் ஒரு மனிதனோடு பேச முடியும் என்பதை நான் யாரிடமும் நிரூபிக்கத் தேவையில்லை. நானே சாட்சி.

(இந்தப் பகுதியை அவர் படித்துவிட்டார். ஓரத்தில் பென்சிலால் 'மொய்: நூறு வெள்ளி இல்லை, நூற்றொன்று' என்று எழுதியிருக்கிறார். நான் தொகையே குறிப்பிடவில்லை.)

4

சாந்தினிக்குக் கோலாலம்பூரில் வங்கி வேலை. வெள்ளி இரவு வருவாள், ஞாயிறு இரவு பஸ் ஏறுவாள். மார்ச் மாதம் அவள் கழுத்தில் ஒரு கட்டி இருப்பது தெரிந்தது. அங்கேயே ஒரு மருத்துவமனையில் பார்த்தார்கள். அறுவைச் சிகிச்சைக்கு வியாழக்கிழமை என்று நாள் குறித்தார்கள். நானும் ஆன்ட்டியும் புதன்கிழமை கிளம்புவதாக ஏற்பாடு.

செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்குச் சாந்தினி போன் செய்தாள். யாரோ ஒரு நோயாளிக்குக் காய்ச்சலாம், அந்த இடம் காலியாம். "இன்னைக்கே பண்ணிடறாங்களாம். மூணரை மணிக்குத் தியேட்டர்." குரலைச் சாதாரணமாக வைத்துக்கொள்ளப் பார்த்தாள். "அதுக்குள்ள வந்துருவீங்களா?"

இங்கே வாசகர்கள் ஒரு கேள்வி கேட்பார்கள். இதுவரை இந்த வரைவைப் படித்த எல்லாருமே கேட்டார்கள். லார்க்கின் பஸ் நிலையத்தில் பஸ் ஏறியிருக்கலாமே?

ஏறியிருக்கலாம். ஒன்பது மணி பஸ்ஸைப் பிடித்திருந்தால் இரண்டு மணிக்கு முன்னாலேயே சாந்தினியின் பக்கத்தில் இருந்திருப்போம். ஆன்ட்டி கைப்பையோடு வாசலில் நின்று, "பஸ்ஸில போனா நேரத்துக்குப் போகலாம்" என்று தெளிவாகச் சொன்னார். நான்தான், "வேணாம் ஆன்ட்டி, கார்ல போலாம். கார்தான் சீக்கிரம்" என்றேன்.

ஏன் அப்படிச் சொன்னேன்? இதற்கு நாலு விதமாகக் காரணம் எழுதிப் பார்த்தேன். அவருடைய முழங்கால் வலி, பஸ் கூட்டம், திரும்பி வரும்போது சாந்தினிக்கு வசதி. எல்லாம் பின்னால் யோசித்தவை. உண்மைக் காரணம் அந்தக் காரை வாங்கிய நாளிலிருந்து அவர் அதை ஒருமுறையும் பாராட்டவில்லை என்பதுதான்.

பேட்டரி எழுபது சதவீதம் இருந்தது. அடாப்டரைப் பின் இருக்கையில் வைத்து பெல்ட் போட்டேன். ஏர்கோனை அணைத்தேன். ஜன்னலைத் திறந்தால் காற்று காரை இழுக்கும் என்பதால் அதையும் மூடச் சொன்னேன். ஆன்ட்டி சேலை முந்தானையால் விசிறிக்கொண்டே யோங் பெங் வரைக்கும் வந்தார். லாரிகள் எங்களை முந்திக்கொண்டு போயின. கோழி ஏற்றிய லாரி ஒன்றும் முந்தியது. கோழிகள் எங்களைத் திரும்பிப் பார்த்தன.

(ஆன்ட்டியின் குறிப்பு: 'கோழி பார்க்கவில்லை.' சரி, பார்க்கவில்லை.)

5

யோங் பெங் வந்தபோது ஒன்பது சதவீதம். நெடுஞ்சாலையை விட்டு இறங்கி, ஊருக்குள் ஒரு சீனர் கோப்பிக் கடைக்குப் பக்கத்தில் நிற்கும் சார்ஜருக்குப் போனேன். என் காரின் வாய் முன்பக்கத்து மூக்கின் மேல் இருக்கிறது. அடாப்டரைக் காரில் சொருகினேன், சார்ஜரின் தடித்த கேபிளை இழுத்து அடாப்டரில் சொருகினேன், பொத்தானை அழுத்தினேன், போனில் ஆப்பைத் தட்டினேன். 'டக்' என்று பூட்டு விழும் சத்தம். எண்கள் ஓட ஆரம்பித்தன. ஆன்ட்டியைப் பெருமையாகப் பார்த்தேன்.

நாற்பது விநாடியில் நின்றுவிட்டது.

கழற்றி மறுபடி சொருகினேன். ஒரு நிமிடம் ஓடி நின்றது. வேறு வரிசையில் சொருகினேன். அணைத்துப் போட்டேன். அடாப்டரைத் துடைத்தேன். வாயால் ஊதினேன். ஆப்பில் இருந்த உதவி எண்ணைக் கூப்பிட்டேன். ஒரு பெண் அன்பாக, "அடாப்டருக்கு நாங்க பொறுப்பு இல்லைங்க" என்றாள். மணி பத்தேகால். எனக்குப் பின்னால் ஒரு புதுக் கார் வந்து வரிசையில் நின்றது. அதிலிருந்து இறங்கியவர் பெயர் ஹமிடி, ஜொகூர் பாருவுக்குப் போகிறவர். அவர் கைகட்டி நின்று வேடிக்கை பார்த்தார். அது திட்டுவதைவிட மோசமாக இருந்தது.

அப்போதுதான் ஆன்ட்டி காரை விட்டு இறங்கினார். நிழலுக்குப் போவதற்காகக் காரின் முன்னால் சுற்றி வந்தார். கேபிள் வழியில் தொங்கியது. சேலையில் அழுக்குப் படாமல் இருக்க, ஒரு கையால் அடாப்டரைச் சற்று மேலே தூக்கினார்.

டக்.

எண்கள் ஓடின. அவர் கையை எடுத்தார். நின்றன. மறுபடி தூக்கினார். ஓடின.

"பாரத்தில கீழ சரியுது," என்றார். எலும்பு முறிந்த இடத்தைக் காட்டுகிற குரல்.

விஷயம் அதுதான். கேபிளின் எடையும் அடாப்டரின் எடையும் சேர்ந்து முனையைக் கீழே இழுக்கின்றன. அடியிலிருந்து யாராவது தாங்கிப் பிடிக்க வேண்டும்.

"நான் பிடிக்கிறேன் ஆன்ட்டி, நீங்க நிழல்ல உக்காருங்க" என்று வாங்கினேன். நின்றுவிட்டது. கொஞ்சம் மேலே தூக்கினேன். ஓடியது, நின்றது. இடது பக்கம் சாய்த்தேன். ஓடவே இல்லை. என் ஒரு கண் போனில் மணியைப் பார்த்துக்கொண்டிருந்தது. மூன்றரை மணிக்குள் போய்ச் சேர முடியாது என்பது எனக்குள் கணக்காகிவிட்டிருந்தது.

ஆன்ட்டி கைப்பையைக் காரின் மேல் வைத்தார். முந்தானையை இடுப்பில் சொருகினார்.

"நீர் விடும். நான் பிடிக்கிறன்."

நீர்.

(இந்த இடத்தில் ஒரு பக்கம் உணர்ச்சியாக எழுதலாம். எழுதவில்லை. ஆனால் கவனித்தேன் என்று மட்டும் பதிவு செய்கிறேன். ஆறு வருஷத்தில் என்னைக் குறித்த முதல் சொல்.)

கோப்பிக் கடைக்காரர் ஒரு சிவப்பு பிளாஸ்டிக் முக்காலியைக் கொண்டுவந்து போட்டார். ஆன்ட்டி காரின் மூக்குக்கு முன்னால் உட்கார்ந்து, இரண்டு உள்ளங்கைகளாலும் அடாப்டரை ஏந்திக்கொண்டார். அதன்பிறகு அது நிற்கவில்லை. மனிதர்களை அசையாமல் நிற்கவைத்தே முப்பத்திரண்டு வருஷம் பழகியவர். அவரும் அசையவில்லை.

"மூச்சு விடலாமோ?" என்று கேட்டார்.

நான் சிரிக்கலாமா என்று தெரியாமல் நின்றேன். அறுபத்தெட்டு வயதுப் பெண்மணி ஆறு வருஷத்தில் சொன்ன முதல் நகைச்சுவை, அது நகைச்சுவைதானா என்று தெரியவில்லை.

6

அறுபது சதவீதம் ஏற வேண்டும். நாற்பது நிமிடம்.

வெயில் ஏறியது. குடையை எடுத்து அவர் தலைக்கு மேல் பிடித்தேன். தெருவில் போனவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு கார் முன்னால் ஒரு அம்மாள் எதையோ ஏந்தி உட்கார்ந்திருக்கிறார், ஒருவன் குடை பிடிக்கிறான். ஏதோ வேண்டுதல் என்று நினைத்திருப்பார்கள். ஹமிடி கடையிலிருந்து மூன்று ஐஸ் மைலோ வாங்கி வந்தார். ஆன்ட்டியின் இரண்டு கைக்கும் ஓய்வில்லை. நான் கோப்பையைப் பிடித்து, ஸ்ட்ராவை அவர் வாயருகே கொண்டுபோனேன். கொஞ்ச நேரம் ஸ்ட்ராவைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு குடித்தார்.

"சீனியைக் கொட்டிப்போட்டான்," என்றார். முழுவதையும் குடித்தார்.

ஹமிடி மலாயில், "உங்கம்மாவுக்கு நல்ல பலம்" என்று என்னிடம் சொன்னார். நான் ஆன்ட்டியைப் பார்த்தேன். அவருக்கு என்னைவிட நன்றாக மலாய் தெரியும். திருத்தவில்லை. நானும் திருத்தவில்லை.

முப்பத்தெட்டு சதவீதம் ஆனபோது அவர் பேச ஆரம்பித்தார். என்னைப் பார்த்து அல்ல, அடாப்டரைப் பார்த்து.

"நான் படம் பார்த்தனான்."

"எந்தப் படம் ஆன்ட்டி?"

"ஸ்கேன். பிள்ளை போனில அனுப்பினவள். மூண்டு நாளாப் பார்க்கிறன். பெருசாக்கிப் பெருசாக்கிப் பார்க்கிறன். கட்டியின்ட ஓரம் வடிவா இல்லை."

ஓரம் வடிவாக இல்லை என்றால் என்ன அர்த்தம் என்று நான் கேட்கவில்லை. அவர் குரலே சொல்லிவிட்டது.

"வேலையில இருக்கேக்க, படம் எடுக்க வாற எல்லாரும் என்ர முகத்தைப் பார்ப்பினம். என்ன தெரியுது எண்டு கேட்பினம். நான் 'டொக்டர் சொல்லுவார்' எண்டு சொல்லுவன். முப்பத்திரண்டு வருஷமா அதைத்தான் சொன்னனான். சட்டம் அப்பிடி. போன ஞாயிறு சாந்தினி கேட்டாள், அம்மா, உங்களுக்கு என்ன தெரியுது எண்டு. நான் 'டொக்டர் சொல்லுவார்' எண்டுட்டன். என்ர பிள்ளைக்கு."

நான் எழுத்தாளன். இந்த இடத்தில் ஒரு நல்ல வாக்கியம் என்னிடம் இருந்திருக்க வேண்டும். இப்போது வீட்டில் உட்கார்ந்து பதினோரு வாக்கியம் எழுதிப் பார்த்தேன், எல்லாம் நன்றாகவே இருக்கின்றன. அங்கே நான் சொன்னது இதுதான்:

"நாப்பத்தி ஒண்ணு ஆயிருச்சு ஆன்ட்டி."

"ஓம்."

"கை வலிக்குதா?"

"வலிக்குது. குடையை இந்தப் பக்கம் பிடியும்."

குடையை அந்தப் பக்கம் பிடித்தேன். அவர் அழவில்லை. யோங் பெங்கில் அன்று வெயில் அதிகம், கண்ணில் நீர் வரும். (இந்த இரண்டு வாக்கியங்களும் அவர் சொல்லி நான் எழுதியவை. இவற்றை மாற்றினால் கதைக்கே அனுமதி இல்லை.)

கொஞ்ச நேரம் கழித்து நானும் ஒன்று சொன்னேன். "பஸ்ல போயிருக்கணும் ஆன்ட்டி. என் தப்பு."

"ஓம்," என்றார், தயங்காமல். "உம்மட தப்புத்தான்."

எனக்கு அது மிகவும் ஆறுதலாக இருந்தது. ஏன் என்று விளக்க முயன்று, விளக்கத்தை அடித்துவிட்டேன்.

7

எழுபது சதவீதத்தில் கிளம்பினோம். ஆயர் கெரோவில் மறுபடி, சிரம்பானில் மறுபடி. ஒவ்வொரு இடத்திலும் ஆன்ட்டி கேட்காமலே இறங்கி முன்னால் போய் நின்றார். சிரம்பானில் முக்காலி இல்லை. என் முதுகில் சாய்ந்துகொண்டு பிடித்தார்.

இனி முடிவு. முடிவுகள் என் மேசையில் மூன்று இருக்கின்றன.

முதலாவது: நேரத்தோடு போய்ச் சேர்கிறோம், இருவரும் சாந்தினியின் இரண்டு கைகளைப் பிடித்துக்கொள்கிறோம். படிக்க நன்றாக இருக்கும். ஆனால் அப்படி நடக்கவில்லை.

இரண்டாவது: அடாப்டர் சிரம்பானில் செத்துப்போகிறது. ஹமிடி தன் புதுக் காரில் எங்களை ஏற்றிக்கொண்டு பறக்கிறார். விறுவிறுப்பாக இருக்கும். ஆனால் ஹமிடி எதிர்த்திசையில் போகிறவர். அந்நேரம் அவர் ஜொகூர் பாருவில் மீன் தலைக் கறி சாப்பிட்டுக்கொண்டிருப்பார்.

மூன்றாவது நடந்தது. மூன்று மணி பத்து நிமிடத்துக்கு மருத்துவமனை வாசலில் காரை நிறுத்தக் கூடாத இடத்தில் நிறுத்திவிட்டு ஓடினோம். ஆன்ட்டியின் முழங்கால் ஓடாது, ஆனாலும் ஓடினார். மூன்றாவது மாடியில் ஒரு நீலக் கதவு. அதற்குப் பின்னால் சாந்தினி படுக்கையில் தயாராக இருக்கிறாள். கதவைத் திறந்த தாதி தமிழ்ப் பெண். பெயர்ப் பட்டையில் பிரவீனா என்று இருந்தது.

"சாந்தினி ஃபேமிலியா? இப்பதான் கேட்டுக்கிட்டே இருந்தாங்க. அஞ்சு நிமிஷம்தான். ஒருத்தர்தான் வரலாம்."

என்ன நடந்தது என்பதை மட்டும் முதலில் முடித்துவிடுகிறேன். அறுவைச் சிகிச்சை நாலரை மணி நேரம் நடந்தது. கட்டியின் ஓரம் பற்றி ஆன்ட்டி சரியாகத்தான் பார்த்திருந்தார். முழுதாக எடுத்துவிட்டார்கள். பிறகு கொஞ்சம் கதிரியக்க மருந்து, அதனால் கொஞ்ச நாள் தனிமை, இனி தினமும் காலையில் ஒரு மாத்திரை. சாந்தினி இப்போது எனக்கு எதிரே உட்கார்ந்து, கழுத்தில் மெல்லிய கோட்டோடு, ரம்புத்தான் உரித்துக்கொண்டு இந்தப் பக்கங்களைத் திருத்துகிறாள். காரை விற்கவில்லை. அடாப்டருக்கு அடியில் வைக்க ஒரு மரக்கட்டையைச் சீவி வைத்திருக்கிறேன். அது வேலை செய்வதில்லை.

8

உள்ளே போனது யார் என்பதில்தான் சிக்கல்.

"இருக்கிறத எழுது. வந்தது யாருன்னு எனக்குத் தெரியும், நான்தான் பார்த்தேன்" என்கிறாள் சாந்தினி.

"அதை எழுத வேண்டாம்," என்கிறார் ஆன்ட்டி. "அது ஆக்களுக்கு எதுக்கு?"

எழுதிப் பார்த்தேன். அவர் போனார் என்று எழுதினால், நான் விட்டுக்கொடுத்த நல்லவன் ஆகிவிடுகிறேன். நான் போனேன் என்று எழுதினால், அவர் தியாகம் செய்த தாய் ஆகிவிடுகிறார். இரண்டு பேருக்கும் அந்த வேஷம் பொருந்தவில்லை. அந்தக் கதவுக்கு முன்னால் எங்களுக்கு நல்லவர்களாக இருக்க நேரம் இருக்கவில்லை. இரண்டு பேருக்கும் உள்ளே போக வேண்டும். அவருக்கு மகளிடம் சொல்லாமல் விட்ட ஒரு பதில் இருந்தது. எனக்கு

(எனக்கு என்ன இருந்தது என்பதை எழுதி அடித்துவிட்டேன். அது சாந்தினிக்கு மட்டும்.)

ஆகவே நான் நிறுத்துகிற இடத்திலிருந்து நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள். மணி மூன்று பதினான்கு. மைலோ கறை பட்ட சேலையோடு சுபத்திரா ஆன்ட்டி மூச்சு வாங்குகிறார். அவர் உள்ளங்கைகள் இரண்டும் சிவந்து, அடாப்டரின் விளிம்பு பதிந்து கிடக்கின்றன. ஒரு கை என் சட்டைக் கையை இறுக்கிப் பிடித்திருக்கிறது. முன்னால் தள்ளவா, பின்னால் இழுக்கவா, அந்தக் கணத்தில் எனக்குத் தெரியவில்லை. என் கை அவருடைய கைப்பையின் வாரைப் பிடித்திருக்கிறது. அதுவும் அப்படித்தான்.

பிரவீனா கதவைக் காலால் தடுத்துப் பிடித்துக்கொண்டு, எங்களை மாறி மாறிப் பார்க்கிறார்.

"சீக்கிரம் லா. யார் வர்றீங்க?"